பம்பு நின்றால் நொடியில் தெரிகிறது, ஆள் விழுந்தால்?

தோழர்களே, இந்த முறை ஒரு கம்பியைப் பற்றிப் பேசப் போகிறோம். ஆலைகளில் சென்சார், வால்வு, மோட்டார், கட்டுப்பாட்டு அறைக் கணினி எல்லாவற்றையும் ஒன்றோடொன்று பேச வைக்கிற கம்பி. இதற்கும் சாதி ஒழிப்புக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். பாலிடெக்னிக்கிலும் பொறியியல் கல்லூரியிலும் இன்ஸ்ட்ருமென்டேஷன், இ.இ.இ., மெக்கட்ரானிக்ஸ் படிக்கிற தம்பி தங்கைகள் நம்மில் ஏராளம். பி.எல்.சி. கோர்ஸ், ஸ்காடா கோர்ஸ் என்று கடன் வாங்கிப் பணம் கட்டுகிறவர்களும் நீங்கள்தான். உங்கள் பாடத்தில் ஏற்கெனவே இருக்கிற ஒரு விஷயத்தை நம் போராட்டத்துக்கு எப்படி எடுத்துக்கொள்வது என்பதை வகுப்பில் யாரும் சொல்லித்தரப் போவதில்லை. அதனால் இங்கே எழுதுகிறோம்.

பழைய முறையிலிருந்து தொடங்கலாம். தொட்டியில் நீர்மட்டம் பார்க்கும் கருவி, தான் அளந்ததை 4 மில்லியாம்பியர் முதல் 20 மில்லியாம்பியர் வரையான மின்னோட்டமாக அனுப்பும். தொட்டி காலி என்றால் 4. நிரம்பிவிட்டால் 20. ஏன் 0 முதல் 20 என்று வைக்கவில்லை? அப்படி வைத்தால் 0 வரும்போது தொட்டி காலியாக இருக்கிறதா, கம்பி அறுந்துவிட்டதா என்று கட்டுப்பாட்டு அறைக்குத் தெரியாது. அதனால் 'ஒன்றுமில்லை' என்று சொல்வதற்கே 4 மில்லியாம்பியர் ஒதுக்கிவிட்டார்கள். உண்மையான 0 வந்தால் அந்தப் பக்கம் ஏதோ செத்துவிட்டது என்று பொருள். 'உயிருள்ள பூஜ்யம்' என்று இதைச் சொல்வார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே தேவைப்படும்.

டிஜிட்டல் முறை வந்தபோதும் இதே கவலைதான். 1979இல் மோடிகான் நிறுவனம் மோட்பஸ் என்ற நெறிமுறையைக் கொண்டுவந்தது. ஒரே கம்பியில் பல கருவிகள் தொங்கும், ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 247 வரை ஒரு முகவரி எண். தலைமைக் கருவி ஒவ்வொரு முகவரியையும் வரிசையாகக் கூப்பிட்டுக் கேட்டுக்கொண்டே இருக்கும். குறித்த நேரத்துக்குள் பதில் வரவில்லையென்றால் அலாரம். கார்களுக்காக பாஷ் நிறுவனம் 1986இல் அறிமுகப்படுத்திய கேன் பஸ் பிறகு ஆலைகளுக்குள்ளும் வந்தது. அதன்மேல் கட்டப்பட்ட கேன்ஓப்பன் முறையில் ஒவ்வொரு கருவியும் 'இருக்கிறேன், இருக்கிறேன்' என்று இடைவிடாமல் ஒரு செய்தி அனுப்ப வேண்டும். அந்தச் செய்திக்குப் பெயரே இதயத்துடிப்பு. பாதுகாப்புக்கென்றே உருவான ப்ரோஃபிசேஃப் இன்னும் கறார். செய்தி தாமதமானாலே போதும், காரணம் கேட்காமல் இயந்திரத்தைப் பாதுகாப்பான நிலைக்குக் கொண்டுபோய் நிறுத்திவிடும். அரை நூற்றாண்டுக்கு மேலாக உலகின் கெட்டிக்காரப் பொறியாளர்கள் ஒரே கேள்வியை விடாமல் பிடித்திருக்கிறார்கள்: மறுமுனையில் இருப்பது பேச்சை நிறுத்திவிட்டால், எவ்வளவு சீக்கிரம் நமக்குத் தெரியும்? மில்லிசெகண்டில் தெரியும் என்கிற இடத்துக்கு வந்துவிட்டார்கள்.

இப்போது ஒரு கழிவுநீர்ப் பம்பிங் ஸ்டேஷனுக்கு வாருங்கள். ஊர்க் கழிவுநீர் எல்லாம் வந்து சேரும் ஆழமான கிணறு, அதன் அடியில் நீர்மூழ்கிப் பம்புகள். பம்பின் சுருளுக்குள் வெப்பம் பார்க்க ஒரு சுவிட்ச். எண்ணெய் அறைக்குள் தண்ணீர் கசிந்தால் காட்டிக்கொடுக்க ஒரு சென்சார். மோட்டார் எத்தனை ஆம்பியர் இழுக்கிறது என்று பார்க்க ஒரு ரிலே. கிணற்றின் மட்டம் பார்க்க இன்னொரு கருவி. எல்லாம் பி.எல்.சி.க்கு வந்து, அங்கிருந்து ஸ்காடா திரைக்குப் போகிறது. துணி, நாப்கின், பிளாஸ்டிக் ஏதாவது இம்பெல்லரில் சிக்கினால் மோட்டார் அதிக மின்சாரம் இழுக்கும், ரிலே டிரிப் ஆகும், திரையில் பம்பு சிவப்பாக மாறும். எந்த நொடியில் நின்றது, எந்த ஆபரேட்டர் அலாரத்தைப் பார்த்து ஒப்புக்கொண்டார் என்பதெல்லாம் பதிவாகிவிடும். பொறியாளரின் போனுக்குக் குறுஞ்செய்தியும் போகும்.

இதுவரைக்கும் நவீன உலகம். அடுத்து என்ன நடக்கிறது? பொறியாளர் ஒப்பந்தக்காரருக்குப் போன் போடுகிறார். ஒப்பந்தக்காரர் மேஸ்திரிக்கு. மேஸ்திரி யாருக்குப் போடுவார் என்று உங்களுக்குத் தெரியும், எந்தக் காலனிக்குப் போடுவார் என்பதும் தெரியும். அதுவரை எண்ணாக, முகவரியாக, நெறிமுறையாக ஓடிய வலைப்பின்னல் கடைசிக் கண்ணியில் சாதியாக மாறிவிடுகிறது.

வட மாவட்டம் ஒன்றில் இப்படி ஒரு நிலையத்துக்கு நாங்கள் போயிருந்தோம். ஆபரேட்டர் நல்ல மனிதர், திரையை ஆர்வமாகக் காட்டினார். "கிணத்துக்குள்ள ஆள் எறங்கியிருந்தா இதுல தெரியுமாண்ணே?" என்று கேட்டோம். "அதுக்கு டேக் போடலையே தம்பி" என்றார். ஸ்காடாவில் ஒவ்வோர் அளவுக்கும் ஒரு பெயர் கொடுத்து வைத்திருப்பார்கள், அதுதான் டேக். பம்பு 1க்கு டேக் உண்டு, வால்வுக்கு உண்டு, டீசல் ஜெனரேட்டரின் எண்ணெய் அளவுக்குக்கூட உண்டு. அவர் யாரையும் இழிவுபடுத்திச் சொல்லவில்லை. டெண்டரில் கேட்கவில்லை, அதனால் போடவில்லை. டெண்டரில் ஏன் கேட்கவில்லை என்பதுதான் நம் கேள்வி.

'சட்டப்படி யாரும் இறங்கக் கூடாதே, பிறகு எதற்கு டேக்?' என்று அதிகாரிகள் சாமர்த்தியமாகக் கேட்பார்கள். 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 7ஆவது பிரிவு, பாதாளச் சாக்கடையிலும் செப்டிக் டேங்கிலும் ஆபத்தான முறையில் ஆளை இறக்கிச் சுத்தம் செய்வதைத் தடை செய்கிறது, உண்மை. ஆனால் அதே சட்டத்தின் கீழ் அதே ஆண்டில் வந்த விதிகளின் 3ஆவது விதியை எடுத்துப் படியுங்கள். பாதுகாப்பு உபகரணங்களோடு ஆள் இறங்கலாம் என்று சில விலக்குகள் இருக்கின்றன. அதில் ஒன்று, கிணற்றின் அடியில் பொருத்திய நீர்மூழ்கிப் பம்பை எடுப்பது. கவனியுங்கள், வலைப்பின்னலில் ஆகப் பாதுகாப்பாக இணைக்கப்பட்டிருக்கிற அதே பம்பு. அதைக் காப்பாற்ற மட்டும் மனிதர் இறங்கலாம்.

இறங்கத்தான் வேண்டுமா என்றால், வேண்டாம். நீர்மூழ்கிப் பம்புக்கு கைடு ரெயில் என்று ஒன்று உண்டு. இரண்டு குழாய்த் தண்டவாளத்தில் பம்பு வழுக்கி இறங்கி, தன் எடையிலேயே அடியில் உள்ள குழாயோடு பொருந்திக்கொள்ளும். கழற்ற வேண்டுமென்றால் மேலே நின்று சங்கிலியை இழுத்தால் போதும். கிணற்றுக்கு முன்னால் இயந்திரச் சல்லடை ஒழுங்காக ஓடினால் துணியும் பிளாஸ்டிக்கும் உள்ளேயே வராது. ரெயில் துருப்பிடித்து, சங்கிலி அறுந்து, சல்லடை மாதக் கணக்கில் பழுதாகக் கிடக்கும்போதுதான் 'ஆள் தேவை' பிறக்கிறது. பராமரிக்கத் தவறியதன் செலவை ஒரு சமூகம் உயிரால் கட்டுகிறது.

எந்தச் சமூகம் என்பதை அரசே சொல்லிவிட்டது. நமஸ்தே திட்டத்துக்காக 2024 வரை ஒன்றிய அரசு கணக்கெடுத்த சுமார் 38,000 சாக்கடை, செப்டிக் டேங்க் தொழிலாளர்களில் 68.9 விழுக்காட்டினர் பட்டியல் சாதியினர். பழங்குடியினரையும் பிற்படுத்தப்பட்டோரையும் சேர்த்தால் 92 விழுக்காட்டை நெருங்குகிறது. சாதி தொழிலாளர்களையே அடுக்கடுக்காகப் பிரித்து வைக்கிறது என்ற அம்பேத்கரின் வாதத்தைப் படிப்பு வட்டங்களில் எத்தனையோ முறை பேசியிருக்கிறோம். இங்கே அந்த அடுக்கு அரசின் சொந்த அட்டவணையிலேயே இருக்கிறது.

ஒருவர் செத்தால் பத்திரிகை எப்படி எழுதுகிறது? 'விஷவாயு தாக்கி தொழிலாளி பலி.' தாக்கியது வாயு! ஆளை அனுப்பியவர் வாக்கியத்திலேயே இல்லை. ஹைட்ரஜன் சல்பைடு காற்றைவிடக் கனமானது, கிணற்றின் அடியில் தங்கும். குறைந்த அளவில் அழுகிய முட்டை நாற்றம் அடிக்கும். 100 பி.பி.எம். அளவை எட்டினால் மூக்கே மரத்துப்போய் நாற்றம் தெரியாமல் போய்விடும். 'நாத்தம் நின்னுடுச்சு, எறங்கலாம்' என்று நினைக்கிற நேரம்தான் ஆகப் பெரிய ஆபத்து. கையடக்கக் கருவிகள் பொதுவாக 10 பி.பி.எம்.மிலேயே கத்த ஆரம்பித்துவிடும். ஒரு பம்பின் விலையோடு வைத்துப் பார்த்தால் அந்தக் கருவியின் விலை சில்லறை. அது இல்லாத இடத்தில் வாயுவை அளக்கும் கருவியாக இருப்பது முதலில் இறங்குகிறவரின் நுரையீரல். அவர் பேச்சு நின்றதும் மேலே இருப்பவர் குரல் கொடுக்கிறார், பதில் இல்லை, பதறி அவரும் இறங்குகிறார், பிறகு மூன்றாமவர். செத்தவர் பட்டியல் இரண்டும் மூன்றுமாக நீள்வதற்கு இதுதான் காரணம். மோட்பஸ் மொழியில் சொன்னால் பதில் வராததைக் கண்டுபிடிக்க இன்னோர் உயிரை அனுப்பிப் பார்க்கிறார்கள்.

'கொடுத்த மாஸ்க்கை இவங்க போடறதே இல்ல சார்' என்ற புகாரைக் கேட்காத மாவட்டமே இல்லை. ஆட்டோமேஷன் படித்தவர்கள் இதற்கு நல்ல பதில் சொல்லலாம். ஆலையில் பிரஸ் மெஷினின் பாதுகாப்புக் கதவைத் திறந்தால் மெஷின் நிற்கும். கதவில் சுவிட்ச் இருக்கிறது, அதற்கு இன்டர்லாக் என்று பெயர். தொழிலாளி கவனமாக இருப்பார் என்று யாரும் நம்பி விடுவதில்லை. மனிதர் அசதியாக இருப்பார், மறப்பார், அவசரப்படுவார் என்பதை முன்கூட்டியே கணக்கில் எடுத்து வடிவமைக்கிறார்கள். அந்த மரியாதை கழிவுநீர்க் கிணற்றின் மூடிக்கு ஏன் இல்லை? வாயு அளவு சரியாகும் வரை பூட்டு திறக்காது, ஆள் உள்ளே இருக்கும்போது பம்பு ஓடாது என்று ஒரு மூடியை வடிவமைக்க இன்றைய மூன்றாமாண்டு டிப்ளமோ மாணவர்கள் போதும். விலை உயர்ந்த கையை இழந்தால் நஷ்டம் என்று கணக்குப் போடுகிற இடத்தில் இன்டர்லாக் வருகிறது. மாற்று ஆள் மலிவாகக் கிடைப்பார் என்கிற இடத்தில் புத்திமதி மட்டும் வருகிறது.

'மண்ணுக்கு அடியில் சிக்னல் கிடைக்காது' என்பது இன்னொரு சாக்கு. சுரங்கங்களில் எல்லாம் கம்பி வழித் தொடர்பை வைத்துக்கொண்டு சமாளிக்கத்தான் செய்கிறார்கள். மேலே நின்று குழாய் விட்டு வாயுவை உறிஞ்சி அளக்கும் கருவிகளும் உண்டு. அரசு மனது வைத்தால் என்ன நடக்கும் என்பதற்கு உதாரணமும் இருக்கிறது. அதிகம் மாசுபடுத்தும் 17 வகைத் தொழில்கள் தங்கள் கழிவின் அளவுகளை இடைவிடாமல் அளந்து இணையம் வழியாக அனுப்ப வேண்டும் என்று மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2014இல் உத்தரவிட்டது. ஆலை முதலாளிகள் முணுமுணுத்துக்கொண்டே மாட்டினார்கள். ஆற்றுக்காக அது தேவை, நாம் எதிர்க்கவில்லை. ஆற்றில் கலக்கும் நீரின் பி.எச். அளவு சர்வருக்குப் போக வேண்டும் என்று உத்தரவு போட முடிகிற அரசால், கிணற்றில் இறங்கும் மனிதர் சுவாசிக்கும் காற்றுக்கும் அதே உத்தரவைப் போட முடியும்.

தூய்மைப் பணியாளரிடம் வலைப்பின்னல் வரவே இல்லை என்றும் சொல்ல முடியாது. வந்திருக்கிறது. நாக்பூர், பஞ்ச்குலா, சண்டிகர் ஆகிய ஊர்களில் தூய்மைப் பணியாளர்களின் கையில் ஜி.பி.எஸ். கடிகாரம் கட்டினார்கள். அவர் எங்கே நிற்கிறார், எத்தனை மணிக்கு வந்தார் என்பது நேரலையில் அலுவலகத்துக்குத் தெரியும். கண்காணிப்பு என்றும், சம்பளப் பிடித்தத்துக்கான கருவி என்றும் தொழிலாளர்கள் எதிர்த்துப் போராடினார்கள். நின்ற இடம் தெரிகிறது, ஆனால் அந்த இடத்தில் என்ன வாயு இருக்கிறது என்று தெரிய வேண்டிய அவசியம் யாருக்கும் வரவில்லை. ஆக, மனிதரை இணைக்கத் தொழில்நுட்பம் போதவில்லை என்ற பேச்சை இனி யாரும் நம்மிடம் சொல்ல வேண்டாம்.

ஒரு இடைச்செருகல். மோட்பஸில் கேள்வி கேட்கும் கருவியை 'ஆண்டான்' என்றும் பதில் சொல்லும் கருவிகளை 'அடிமை' என்றும் அழைத்துவந்தார்கள். ஜார்ஜ் ஃபிளாய்ட் கொலைக்குப் பின் எழுந்த போராட்ட அலையில், 2020 ஜூலையில் மோட்பஸ் அமைப்பு அந்தச் சொற்களைக் கைவிட்டு 'கிளையண்ட், சர்வர்' என்று மாற்றியது. நல்ல காரியம். தமிழ்நாட்டிலும் அதே 2020இல்தான் 'துப்புரவுப் பணியாளர்' 'தூய்மைப் பணியாளர்' ஆனார். அதையும் வரவேற்றோம். இயந்திரத்துக்குக்கூட அடிமைப் பெயர் கூடாது என்று உலகம் கூச்சப்படுகிறது. இங்கே பெயர் மாறியவரின் வேலை ஒப்பந்தத்தில் ஒரு வரிகூட மாறவில்லை.

இப்போது அந்த உயிருள்ள பூஜ்யத்துக்கு வருவோம். 2021 ஜூலையில் மாநிலங்களவையில் கேட்டபோது, கையால் மலம் அள்ளுவதால் இறந்ததாக ஒரு தகவலும் இல்லை என்று ஒன்றிய அரசு பதில் சொன்னது. அதே அரசு இன்னொரு தலைப்பின் கீழ், சாக்கடை, செப்டிக் டேங்க் 'ஆபத்தான துப்புரவில்' 2019 முதல் 2023 வரை 377 பேர் இறந்ததாக நாடாளுமன்றத்தில் கணக்குக் கொடுத்தது. மலம் கலந்த நீரில் மூழ்கிச் செத்தவர் மலம் அள்ளிச் சாகவில்லையாம், தலைப்பு வேறாம். 4 மில்லியாம்பியரை ஆரம்பமாக வைத்த பொறியாளர் இந்த 0ஐ ஏற்றுக்கொண்டிருக்க மாட்டார். யாரும் சாகவில்லையா, செய்தி வரும் கம்பியையே அறுத்துவிட்டார்களா என்று முதலில் கேட்டிருப்பார்.

நமக்குள்ளேயே ஒரு விவாதம் ஓடுகிறது, அதை மறைக்க வேண்டியதில்லை. சென்சார் கேட்டால், இறங்குவதை நாமே ஒப்புக்கொள்வது போல ஆகாதா? மூத்த தோழர்கள் பலர் இப்படிக் கேட்கிறார்கள், அந்த அச்சம் நியாயமானது. 'பாதுகாப்பாக இறங்கு' என்பது நம் கோரிக்கையாக ஒருபோதும் இருக்க முடியாது. எங்கள் நிலை இதுதான்: முதல் கோரிக்கை, 3ஆவது விதியின் விலக்குகளை நீக்க வேண்டும். கைடு ரெயில், சல்லடை, மேலிருந்தே அடைப்பு எடுக்கும் இயந்திரம் இவற்றின் பராமரிப்பை டெண்டரில் கட்டாயமாக்க வேண்டும். ஆனால் அந்த விலக்கு சட்டப் புத்தகத்தில் இருக்கும் வரை, இறங்கியவரின் பெயரும் நேரமும் காற்றின் அளவும் பதிவாகியே தீர வேண்டும். 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சென்னை உட்பட ஆறு பெருநகரங்களில் ஆளை இறக்குவதை நிறுத்தச் சொன்னது. பதிவே இல்லாத ஊரில் அந்த உத்தரவு மீறப்பட்டதை எதை வைத்துக் காட்டுவோம்?

பதிவு பற்றி இவ்வளவு வலியுறுத்துவதற்குக் காரணம் உண்டு. மரணம் நடந்ததும் 'அவங்களா எறங்கிட்டாங்க, எங்களுக்குத் தெரியாது' என்று பொறியாளரும் ஒப்பந்தக்காரரும் சொல்வதை நாங்கள் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறோம். வழக்கும் அலட்சியத்தால் மரணம் என்ற அளவில் சுருங்கிப்போகிறது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைச் சேர்க்கவே தனிப் போராட்டம் நடத்த வேண்டியிருக்கிறது. 2023 அக்டோபர் தீர்ப்புப்படி 30 லட்சம் இழப்பீடு வாங்குவதற்குள் அந்தக் குடும்பம் அலுவலகம் அலுவலகமாக அலைந்து ஓய்ந்துவிடுகிறது. ஆனால் ஸ்காடா உள்ள நிலையமாக இருந்தால் கதை வேறு. பம்பு 2 எத்தனை மணிக்கு டிரிப் ஆனது, அலாரத்தை எந்தப் பயனர் பெயரில் ஒப்புக்கொண்டார்கள், ஆள் இறங்க வசதியாக மற்ற பம்புகளை யார் நிறுத்தினார்கள், திரும்ப எப்போது ஓட்டினார்கள், எல்லாம் அந்தப் பதிவில் இருக்க வேண்டும். 'தெரியாது' என்கிறவரின் கணினியே தெரியும் என்று சாட்சி சொல்லும். பழைய பதிவுகளைப் பல இடங்களில் சில மாதங்களில் புதிய பதிவுகள் அழித்துவிடும் என்பதால் தாமதிக்கக் கூடாது. மரணம் நடந்த அன்றே, அலாரப் பதிவையும் நிகழ்வுப் பதிவையும் கைப்பற்றிப் பாதுகாக்க வேண்டும் என்று காவல் ஆய்வாளருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் எழுத்தில் மனுக் கொடுங்கள், பெற்றதற்கு முத்திரை வாங்குங்கள். வழக்கறிஞர் வரும் வரை காத்திருக்க வேண்டாம்.

மரணத்துக்கு முன்பே செய்யக்கூடியதும் இருக்கிறது. உங்கள் ஊர் நகராட்சிக்கோ மாநகராட்சிக்கோ 10 ரூபாய் கட்டணத்தில் ஒரு ஆர்.டி.ஐ. மனு போடுங்கள். 'பாதுகாப்பு உபகரணம் வழங்கப்பட்டதா' என்று மட்டும் கேட்காதீர்கள், 'ஆம்' என்று ஒரு சொல்லில் முடித்துவிடுவார்கள். எத்தனை பம்பிங் ஸ்டேஷன், அவற்றின் ஸ்காடா டேக் பட்டியலின் நகல், வாயு அளவுக்கு டேக் உண்டா, கடந்த மூன்று ஆண்டில் ஒவ்வொரு பம்பும் எத்தனை முறை கிணற்றிலிருந்து வெளியே எடுக்கப்பட்டது, ஒவ்வொரு முறையும் எந்த முறையில் எடுத்தார்கள், ஆள் இறங்கியிருந்தால் அனுமதிக் கடிதத்தின் நகல், கைடு ரெயிலும் சல்லடையும் கடைசியாகப் பழுது பார்த்த தேதி என்று கேளுங்கள். பம்பு எடுத்த எண்ணிக்கையையும் அனுமதிக் கடித எண்ணிக்கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். டேக் பட்டியலைப் படிக்கத் தெரிந்த இன்ஸ்ட்ருமென்டேஷன் மாணவர் ஒருவராவது ஒவ்வொரு மாவட்டக் குழுவிலும் இருக்க வேண்டும். 30 நாளில் பதில் வந்தாலும் வராவிட்டாலும் மனுவின் நகலை எங்களுக்கு அனுப்பிவையுங்கள், மாவட்ட வாரியாகத் தொகுத்துக்கொண்டிருக்கிறோம்.